மேடைக் கவிதைக்கு மறுபடி உயிர் வந்தது எப்படி? நம் கவியரங்கம் ஏன் ஓய்ந்தது?

வடகரை எழுதியது:

வேலைக்காக சிகாகோ வந்தவன் நான். மேடையில் கவிதை சொல்லிப் போட்டியிடும் 'பொயட்ரி ஸ்லாம்' பிறந்தது இந்த ஊரில்தான் என்பது வந்த பிறகே தெரிந்தது. மார்க் ஸ்மித் என்று ஒரு கட்டடத் தொழிலாளி, கவிதையும் எழுதுவார். எண்பதுகளில் இங்கே நடந்த கவிதை வாசிப்புகள் அவருக்கு ஒத்துவரவில்லை. கவிஞர் தாளுக்குள் முகத்தை வைத்துக்கொண்டு வாசிப்பார், எதிரே இருப்பவர்களும் கவிஞர்களாகவே இருப்பார்கள், மரியாதைக்குக் கைதட்டிவிட்டுக் கலைந்துவிடுவார்கள். ஸ்மித் முதலில் 'கெட் மீ ஹை' என்ற சின்ன மதுக்கடையில் மேடைக் கவிதையைச் சோதித்துப் பார்த்தார். 1986 ஜூலையில் அப்டவுன் பகுதியிலுள்ள 'கிரீன் மில்' ஜாஸ் விடுதிக்கு வந்துவிட்டார். ஞாயிறு இரவு, குடிக்க வந்தவர்களுக்கு நடுவே கவிதை.

விதிகள் எளியவை. சொந்தக் கவிதையாக இருக்க வேண்டும். ஒருவருக்கு 3 நிமிடம், மேலே 10 விநாடி சலுகை, அதையும் தாண்டினால் மதிப்பெண் குறையும். வேஷம், வாத்தியம் எதுவும் கூடாது. கூட்டத்திலிருந்தே 5 பேரைப் பிடித்து நடுவர்களாக உட்காரவைப்பார்கள். ஆளுக்கு 0 முதல் 10 வரை போடுவார்கள். ஆக அதிகமானதையும் ஆகக் குறைந்ததையும் தள்ளிவிட்டு மீதி மூன்றையும் கூட்டினால் 30-க்கு இவ்வளவு என்று வந்துவிடும். போட்டிக்கு முன்னால், போட்டியில் சேராத ஒருவர் ஒரு கவிதை சொல்வார், நடுவர்களின் கை பழகட்டும் என்று. அவருக்குப் பெயரே 'பலிக் கவிஞர்'.

மதிப்பெண்ணைவிட என்னைப் பிடித்து நிறுத்தியது வேறு. கிரீன் மில் மரபில் கவிதை சலிப்புத் தட்டினால் கேட்பவர்கள் விரலைச் சொடுக்குவார்கள். இன்னும் இழுத்தால் தரையில் காலைத் தட்டுவார்கள். அதற்கும் அசையாவிட்டால் கூட்டம் முழுக்க முனகல். ஒரு ஆண் பெண்களை மட்டமாக எழுதியிருந்தால் பெண்கள் பக்கமிருந்து 'ஸ்ஸ்ஸ்' என்று சீறல் வரும். ஸ்மித் மேடையேறித் தன் பெயரைச் சொன்னால் அத்தனை பேரும் சேர்ந்து 'அதனாலென்ன!' என்று கத்துவார்கள். நடத்துகிறவருக்கே அந்த மரியாதைதான்.

மேடைக் கவிதைக்கு உயிர் கொடுத்தது இந்த உரிமை என்று நான் நம்புகிறேன். 'எனக்கு இது போதவில்லை' என்று கேட்கிறவர் முகத்துக்கு நேரே சொல்லலாம். சொன்னால் கவிஞர் திருந்தியாக வேண்டும். 1990-ல் சான்பிரான்சிஸ்கோவில் முதல் தேசியப் போட்டி நடந்தது. நியூயார்க்கில் நுயோரிக்கன் கஃபே இதைக் கையில் எடுத்தது. 2002 முதல் 2007 வரை எச்பிஓ தொலைக்காட்சியிலும் மேடைக் கவிதை வந்தது. எல்லாம் அந்த விடுதித் தரையில் காலைத் தட்டியவர்கள் போட்ட பாதை.

நம்மிடம் கவியரங்கம் இருந்தது. ஊர் திரண்டு உட்கார்ந்து கேட்டது. அது ஏன் ஓய்ந்தது? விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

---

சுவடி எழுதியது:

கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். எனக்கு இதில் உடன்பாடில்லை, காரணத்தைச் சொல்லிவிடுகிறேன்.

1959-ல் சி.சு. செல்லப்பா 'எழுத்து' இதழைத் தொடங்கியபோது தமிழ்க் கவிதைக்குக் கிடைத்த பெரிய விடுதலை, கைதட்டலிலிருந்து கிடைத்த விடுதலைதான். தனியாக உட்கார்ந்து, மெதுவாக, திரும்பத் திரும்பப் படிக்கிற கவிதை அங்கே பிறந்தது. ஒரு வரியில் நின்று யோசிக்கலாம், மேலே போய்விட்டுத் திரும்பி வரலாம். மேடையில் அதற்கு நேரமேது? கேட்ட உடனே புரிய வேண்டும், புரிந்த உடனே உறைக்க வேண்டும். உடனே புரியாத கவிதைக்கு அங்கே காலைத் தட்டுவார்கள் என்றால், நான் மதிக்கிற பாதிக் கவிஞர்கள் மேடையை விட்டு இறங்க வேண்டியதுதான்.

அமெரிக்க விமர்சகர் ஹெரால்ட் புளூம் 2000-ல் 'பாரிஸ் ரிவியூ' இதழில் ஸ்லாமைக் 'கலையின் சாவு' என்றார். அவ்வளவு தூரம் நான் போகவில்லை. ஆனால் யூடியூபில் இந்தக் கவிதைகளைக் கேட்டுப் பாருங்கள். எல்லோரும் ஒரே ராகம். மெதுவாகத் தொடங்கி, நடுவில் வேகமெடுத்து, மூச்சு வாங்கி, கடைசி வரியில் குரலைத் தாழ்த்தி நிறுத்துவது. சொந்த வலியைச் சொல்ல வந்தவர்கள் எல்லோரும் ஒரே குரலில் ஏன் அழ வேண்டும்? 3 நிமிடமும் மதிப்பெண்ணும் சேர்ந்து செய்த வேலை அது.

---

காவிரிக்கரையான் எழுதியது:

ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியன். கவியரங்கம் ஓய்ந்ததைக் கண்ணால் பார்த்த தலைமுறை. நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எழுபதுகளில் எங்கள் தஞ்சைப் பக்கம் பொங்கல், கோயில் திருவிழா, பள்ளி ஆண்டு விழா எதுவானாலும் கவியரங்கம் உண்டு. ஒரு பொதுத் தலைப்பு இருக்கும், அதை ஐந்தாறு உள்தலைப்பாகப் பிரித்துக் கொடுத்திருப்பார்கள். தலைவர் ஒவ்வொருவரையும் நாலு வரிக் கவிதையிலேயே அழைப்பார். வந்தவரும் கவிதையிலேயே அவருக்கு வணக்கம் வைப்பார்.

அந்த மேடையில் ஒரு நுட்பம் இருந்தது. கவிஞர் ஒவ்வொரு அடியையும் இரண்டு முறை சொல்வார். புதிதாகப் பார்க்கிறவர்கள் மைக் சரியில்லை, அதனால் திருப்பிச் சொல்கிறார் என்று நினைப்பார்கள். உண்மையில் அது கூட்டத்துக்குக் கொடுக்கிற அவகாசம். முதல் முறை சொல்லும்போது காது எதுகையைப் பிடித்துக்கொள்ளும். இரண்டாம் முறை சொல்லி முடிப்பதற்குள் அடுத்த அடியில் என்ன வரப்போகிறது என்று மனசு தேட ஆரம்பித்துவிடும். பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற விவசாயி எதுகையைச் சத்தமாகச் சொல்லி முந்திக்கொள்வார். நல்ல கவிஞர் அவரை ஏமாற்றி, யாரும் எதிர்பார்க்காத சொல்லைப் போடுவார். அப்போது கிளம்புகிற ஆரவாரம் இருக்கிறதே, அது பாராட்டு மட்டுமில்லை, தோற்றவன் சந்தோஷமாகத் தோல்வியை ஒப்புக்கொள்வது. வடகரை சொல்கிற உரிமை எங்களுக்கு அப்படி இருந்தது.

1969 பிப்ரவரியில் அண்ணா மறைந்தபோது கருணாநிதி வாசித்த இரங்கற்பா வானொலியில் வந்தது. உன் இதயத்தை இரவலாகத் தா, நான் வரும்போது உன் காலடியில் திருப்பி வைக்கிறேன் என்று முடியும். அரசியலில் அவருக்கு நேர் எதிரான பெரியவர்கள் டீக்கடை ரேடியோ முன்னால் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நின்றதைச் சிறுவனாகப் பார்த்திருக்கிறேன். தாளில் அந்த வரிகளைப் படித்தால் அந்த வேகத்தில் பாதிதான் வருகிறது. குரல் சுமந்தது அதிகம்.

பிறகு என்ன ஆயிற்று? வணக்கம் நீண்டது, கவிதை குறுகியது. தலைவருக்கு வணக்கம், அமைச்சருக்கு வணக்கம், மண்டபம் கொடுத்தவருக்கு வணக்கம் என்று தலைப்புக்கு வருவதற்குள் பாதி நேரம் போயிற்று. புகழ்ச்சிக்குக் கைதட்டாமல் இருக்க முடியாதல்லவா? கைதட்டல் கட்டாயமானதும் அதற்கு விலையில்லாமல் போய்விட்டது. பட்டிமன்றம் மட்டும் இன்றைக்கும் நிற்கிறது. ஏன் என்று பாருங்கள். அங்கே எதிரணி இருக்கிறது, தீர்ப்பு இருக்கிறது, 'இந்த வாதம் எடுபடவில்லை' என்று சொல்ல ஆள் இருக்கிறது.

---

வடகரை எழுதியது:

ஐயா, அடியை இரண்டு முறை சொல்வதற்கு நீங்கள் கொடுத்த விளக்கத்துக்காகவே இந்த இழையைத் தொடங்கியது தகும். சின்ன வயதில் எனக்கும் அது மைக் கோளாறாகத்தான் பட்டது.

சுவடி ஐயாவுக்கு: அந்த ஒரே ராகம் பற்றி நீங்கள் சொன்னது உண்மை. இங்கே ஸ்லாம்காரர்களே அதை நொந்துகொள்கிறார்கள். போட்டி பெரிதாகி வணிகமானதில் ஸ்மித்துக்கே வருத்தம் உண்டு. ஆனால் மேடையில் ஆழம் வராது என்பதை ஒப்ப மாட்டேன்.

பட்ரீசியா ஸ்மித் (மார்க் ஸ்மித்துக்கு உறவில்லை) சிகாகோவில் வளர்ந்த கறுப்பினப் பெண். தேசியப் போட்டியில் தனிநபர் பட்டத்தை நான்கு முறை வென்றவர். அவருடைய ஒரு கவிதை, மொட்டையடித்த ஒரு வெள்ளை இனவெறியனின் வாயிலிருந்து 'நான்... நான்' என்று பேசுகிறது. அவனுடைய வேலை போன கதை, கையில் பட்ட காயம், கண்ணாடியில் தன்னைப் பார்த்துப் பெருமைப்படுவது, எல்லாம் அவன் குரலிலேயே வருகிறது. அதைச் சொல்கிற உடம்பு யாருடையது என்பது எதிரே தெரிகிறது. அவன் அழிக்க நினைக்கிற ஆளின் தொண்டைதான் அவனுக்குக் குரல் கொடுக்கிறது. தாளில் படித்தால் இதை நாமே நினைவுபடுத்திக்கொள்ள வேண்டும். மேடையில் அதை மறக்க முடியாது. இதே பட்ரீசியா ஸ்மித் 2018-ல் புலிட்சர் பரிசின் இறுதிப் பட்டியலுக்கும் வந்தார், அச்சிட்ட புத்தகத்துக்காக.

இன்னொன்று. அமெரிக்காவின் தேசியக் கலை நிதியம் எடுத்த கணக்கில், 2012-ல் ஓராண்டுக்குள் கவிதை படித்த பெரியவர்கள் 6.7 சதவீதம். 2017-ல் 11.7. அதிலும் 18 முதல் 24 வயது வரையுள்ளவர்களிடம் 8.2-லிருந்து 17.5 ஆயிற்று. இளைஞர்கள் காதில் போனைச் செருகிக்கொண்டு கவிதை கேட்ட அதே ஆண்டுகள் அவை. ஒன்றால்தான் மற்றது என்று நான் சாதிக்கவில்லை. ஆனால் மேடை தாளைக் கொன்றுவிட்டது என்று சொல்ல அந்தக் கணக்கில் இடமே இல்லை.

---

வல்லைவெளி எழுதியது:

வணக்கம். லண்டனிலை இருந்து. சுவடி ஐயா 1959-ஐ ஒரு தொடக்கமாச் சொல்லுறார். எங்கட பக்கத்துக் கதை கொஞ்சம் வேறை.

ஈழத்திலை 'மஹாகவி' எண்ட புனைபெயரிலை எழுதின கவிஞர் (1927–1971) மரபுச் செய்யுளை விடேல்லை. யாப்பு அப்பிடியே இருக்கும், ஆனா வாசிச்சா ஆரோ முற்றத்திலை நிண்டு கதைக்கிற மாதிரி இருக்கும். நுஃமான் போன்ற விமர்சகர்கள் இதைப் 'பேச்சோசை' எண்டு விரிவா எழுதியிருக்கினம். வில்லுப்பாட்டுக்கெண்டே ஒரு கதைப்பாட்டும் எழுதினவர். அதாவது, காதுக்கும் தாளுக்கும் சண்டை மூட்டாமலே நவீனக் கவிதைக்குள்ளை வாற வழி ஒண்டு இருந்தது. தமிழ்நாட்டிலை அந்த வழியைப் பெரிசா ஒருத்தரும் பேசுறேல்லை எண்டது என்ரை மனக்குறை.

இஞ்சை லண்டனிலை லின்டன் க்வெசி ஜான்சனைச் சொல்ல வேணும். ஜமைக்காவிலை பிறந்து பிரிக்ஸ்டனிலை வளந்தவர். எழுபதுகளிலை கறுப்பினப் பெடியளைச் சும்மா சந்தேகத்திலை பிடிச்சு அடைக்கப் பொலிசுக்கு ஒரு பழைய சட்டம் இருந்தது, 1824-ஆம் ஆண்டுச் சட்டம். மறியலிலை இருக்கிற ஒரு மகன் தாய்க்கு எழுதின கடிதமா அவர் ஒரு கவிதை சொன்னார், ஜமைக்கன் வீட்டுப் பேச்சிலை. 'அம்மா, தம்பியைப் பாத்துக்கொள்ளுவன் எண்டு சொன்னனான், முடியேல்லை' எண்ட மாதிரிப் போகும். அந்தச் சட்டத்திலை சந்தேகத்திலை பிடிக்கிற பிரிவு 1981-இலை நீங்கினது. கவிதையாலைதான் நீங்கினது எண்டு ஆரும் சொல்ல ஏலாது, தெருவிலை எத்தினையோ பேர் போராடினவை. ஆனா அந்தப் போராட்டக் கூட்டங்களிலை சனம் வாயாலை சொல்லிக்கொண்டு போனது அவற்றை வரியளைத்தான்.

2002-இலை பெங்குவின் பதிப்பகம் தன்ரை நவீன இலக்கிய வரிசையிலை அவற்றை கவிதையளைப் போட்டது. உயிரோடை இருக்கேக்கை அந்த வரிசையிலை வந்த இரண்டாவது கவிஞர் அவர். பள்ளிக்கூடத்திலை பிழை எண்டு சிவப்பு மையாலை வெட்டுற பேச்சுமொழி, அப்பிடியே அச்சிலை ஏறினது.

---

கரிசல்காரி எழுதியது:

எல்லாரும் மேடை மேடைன்னு சொல்றீங்க. எங்க ஊர்ல பொம்பளைங்களுக்கு மேடை எப்பவுமே கெடைச்சதில்ல. ஆனா சாவு வீட்டு முத்தம் இருந்துச்சு.

கோவில்பட்டிப் பக்கம் எங்க கிராமம். ஒப்பாரின்னா அழுகைன்னுதான் வெளியூர்க்காரங்க நெனைக்கிறாங்க. பொம்பளைங்க வட்டமா உக்காந்து ஒருத்தி தோள்ல ஒருத்தி கை போட்டுக்கிட்டு, ஒருத்தி அடி எடுத்துக் கொடுக்க, மத்தவங்க இழுத்துச் சேர்ந்துக்கிடுவாங்க. 'என்னப் பெத்த அம்மா'ன்னு தொடங்குற வாய்ப்பாடு எல்லாருக்கும் பொது. அதுக்கப்புறம் வர்றது அவங்கவங்க சொந்தம், அந்த நிமிசத்துல கட்டுறது.

எங்க அம்மாச்சி செத்தப்போ, சொத்துல பங்கு இல்லன்னு அண்ணன்மாரு ஒதுக்கி வச்சிருந்த எங்க பெரியம்மா வந்தாங்க. வந்து உக்காந்ததும் எடுத்த அடி இது:

வாசலிலே வேம்பு வச்சேன் நெழலுக்குன்னு – எனக்கு
வந்து நிக்க எடமில்லையே பொறந்த வீட்டுல

அந்த வேப்பமரம் நிஜமாவே வாசல்ல நின்னுச்சு. மாமாக்க ரெண்டு பேரும் அதுக்குக் கீழ பெஞ்சு போட்டு உக்காந்திருந்தாங்க. வாயத் தொறந்து ஒரு வார்த்தை பேச முடியல அவங்களால. சாவு வீட்ல பாடுறவளத் தடுக்கக் கூடாது, அது வழக்கம். பஞ்சாயத்துல பேசவிடாத பொம்பள, ஊர் முழுக்கக் கேக்க மூணு நாலு அடியில தன் வழக்கச் சொல்லி முடிச்சிட்டா. மத்த பொம்பளைங்க அந்த அடிய வாங்கி ரெண்டாந்தடவ பாடினாங்க பாருங்க, அதுதான் தீர்ப்பு. பிடிக்காத அடியா இருந்தா வாங்க மாட்டாங்க, சும்மா மூக்க உறிஞ்சிக்கிட்டு இருந்துருவாங்க.

சுவடி சார், ஒரே ராகத்துல ஏன் அழணும்னு கேட்டீங்க. ராகம் எல்லாருக்கும் ஒண்ணா இருந்ததாலதான் படிக்காத எங்க பெரியம்மாவால சட்டுனு அதுல ஏறி உக்கார முடிஞ்சுது. ராகத்தத் தேடிக்கிட்டு இருந்திருந்தா சொல்ல வந்தது போயிருக்கும்.

---

சுவடி எழுதியது:

கரிசல்காரி அம்மா, அந்த இரண்டு அடிகளை வகுப்பில் சொல்ல உங்கள் அனுமதி வேண்டும். பொது ராகம் பற்றி நீங்கள் சொன்னதை இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். ஒப்பாரியின் வாய்ப்பாடு தலைமுறை தலைமுறையாக வந்தது, ஸ்லாமின் ராகம் பார்த்துப் பழகியது என்ற வித்தியாசம் எனக்கு இன்னும் உறுத்துகிறது.

பாரதியைக் கவனிக்க வேண்டும். 1912-ல் வந்த 'பாஞ்சாலி சபதம்' முன்னுரையில் அவர் கேட்பது 'எளிய பதங்கள், எளிய நடை, எளிதில் அறிந்து கொள்ளக் கூடிய சந்தம், பொது ஜனங்கள் விரும்பும் மெட்டு'. நான்கில் இரண்டு காதுக்கானவை. என் கட்சிக்கு இது சாதகமில்லை என்று தெரிந்தே எடுத்துப் போடுகிறேன்.

---

தூத்துக்குடி_மாலுமி எழுதியது:

கப்பலில் வேலை. சோமாலியாக்காரர்களோடு பல வருஷம் பழக்கம். கவிதையை அவர்களைப் போல மதிக்கிற ஜனத்தை நான் வேறெங்கும் பார்க்கவில்லை.

சோமாலி மொழிக்கு அரசு எழுத்துமுறை வந்ததே 1972-ல்தான். அதுவரை எல்லாம் வாய்வழி. அவர்களுடைய செய்யுளில் மோனைதான் உயிர். நமக்கு அடிக்கு அடி மோனை மாறலாம். அவர்களுக்கு ஒரு எழுத்தைப் பிடித்தால் கவிதை முடியும்வரை, நூறு அடியானாலும், ஒவ்வொரு அடியிலும் அதே எழுத்தில் தொடங்குகிற சொல் வர வேண்டும். மனப்பாடம் செய்ய அதைவிட நல்ல பூட்டு இல்லை. ஒரு அடியை யாராவது மாற்றினால் உடனே காட்டிக்கொடுத்துவிடும்.

ஹத்ராவி என்ற பெரிய கவிஞர், 2022-ல் இறந்தார். சியாத் பாரேயின் ராணுவ ஆட்சி அவரை 1973-லிருந்து 1978 வரை சிறையில் வைத்தது. வெளியே வந்த பிறகு எழுபதுகளின் கடைசியில் காரியே என்ற கவிஞர் 'த' ஓசை மோனையில் ஆட்சியின் குலவாதத்தைக் கண்டித்து ஒரு கவிதையை எடுத்துவிட, ஹத்ராவி அதே மோனையில் பதில் சொல்ல, மற்ற கவிஞர்களும் ஒவ்வொருவராகச் சேர்ந்து சங்கிலியாகப் போயிற்று. எல்லாம் கேசட்டில் பதிவாகி, கேசட்டிலிருந்து கேசட்டுக்கு நகலெடுத்து, லாரி டிரைவர்கள் கையில் நாடு முழுக்கப் போனது. பத்திரிகையைத் தடை செய்யலாம். கேசட்டை யார் வீட்டில் போய்த் தேடுவது?

சிகாகோவில் 3 நிமிடம் என்றீர்கள். நான் கேட்ட சோமாலிக் கேசட் ஒன்றில் ஒரே கவிதை ஒரு பக்கம் முழுக்க ஓடியது. உட்கார்ந்திருந்தவர்கள் டீயை ஆறவிட்டுக் கேட்டார்கள். நேரக் கட்டுப்பாடுதான் மேடைக் கவிதையைக் காப்பாற்றும் என்று முடிவு கட்டிவிடாதீர்கள்.

---

மைக்_செட் எழுதியது:

மதுரைல படிக்கிறேன். நண்பர்களோட சேர்ந்து மாசாமாசம், யார் வேணா மேடை ஏறி கவிதை வாசிக்கிற ஓப்பன் மைக் நடத்துறோம். பெரியவங்க எல்லாரும் பேசிட்டிருக்கிற இடத்துல, இப்ப நடக்கிறது என்னன்னு நான் சொல்லிடுறேன்.

கூட்டம் வருது. பெயர் கொடுக்கிறவங்க கேட்க வர்றவங்கள விட அதிகம். ஆனா பிரச்சினை போன்தான். வாசிக்கிறவங்க எதிர்ல இருக்கிற முகத்த பார்க்கிறதில்ல, நண்பன் தூக்கிப் பிடிச்சிருக்கிற கேமராவத்தான் பார்க்கிறாங்க. அரை நிமிஷ ரீலுக்கு எந்த வரி வெட்டி எடுக்க வசதியோ அதுதான் கவிதையோட உச்சம். சுவடி சார் சொல்ற அந்த ராகம் எங்ககிட்ட ஸ்லாம் மேடைல இருந்து வரல, ரீல்ஸ்ல இருந்து வந்தது. பின்னணில ஒரு பியானோ இசை போட்டா எந்த வரியும் கவிதை மாதிரியே கேட்குது.

இன்னொண்ணும் நடந்துச்சு. ஒரு பொண்ணு தன் வீட்ல நடக்கிற அடிதடியப் பத்தி வாசிச்சா. அவ்வளவு நல்லா இருந்துச்சு. முன்வரிசைல ஒருத்தர் பதிவு பண்ணிப் போட்டுட்டார். மறுநாளே வீட்டுக்குத் தெரிஞ்சு போச்சு. அதுக்கப்புறம் அந்தப் பொண்ணு வரவேயில்ல. கரிசல்காரி அக்கா சொன்னாங்களே, சாவு வீட்ல பாடுறவளத் தடுக்கக் கூடாதுன்னு ஒரு வழக்கம் பாதுகாத்துச்சுன்னு. எங்க கூட்டத்துல அந்த மாதிரி எந்த வழக்கமும் இல்ல. நாங்கதான் உண்டாக்கணும்.

அதனால அடுத்த மாசத்துல இருந்து போன் எல்லாத்தையும் வாசல்ல ஒரு கூடைல வாங்கி வைக்கப் போறோம். மதிப்பெண் வேணாம்னு எங்களுக்குள்ள முடிவு. காலத் தட்டுறத மட்டும் எடுத்துக்கலாமான்னு யோசிக்கிறோம். முதல் தடவ மேடை ஏர்றவங்களுக்குத் தட்டினா உடைஞ்சு போயிடுவாங்களோன்னு பயமா இருக்கு.

---

காவிரிக்கரையான் எழுதியது:

தம்பி, முதல் முறை ஏறுகிறவர்களுக்குத் தட்டாதீர்கள். இரண்டாம் முறையிலிருந்து தட்டுங்கள். அதை முன்கூட்டியே அறிவித்துவிடுங்கள். அடியைத் திருப்பிச் சொல்லும் வழக்கத்தையும் ஒரு கூட்டத்தில் பழகிப் பாருங்கள். மதுரைக்கு பஸ் ஏறுவது எனக்குப் பெரிய காரியமில்லை. நான் வந்து முதலில் சொல்கிறேன், அந்தப் 'பலிக் கவிஞர்' இடம் எனக்கு இருக்கட்டும்.

---

வடகரை எழுதியது:

போனை வாங்கி வைப்பது நல்ல முடிவு. வாசிக்கிறவர் விரும்பிக் கேட்டால் ஒலியை மட்டும் பதிந்து அவரிடமே கொடுத்துவிடுங்கள். எதை வெளியே விடுவது என்பது அவர் கையில் இருக்கட்டும். மாலுமி அண்ணன் சொன்னதையும் விடாதீர்கள். கூட்டத்துக்கு ஒரு இடம் நேரக் கட்டுப்பாடே இல்லாமல் ஒதுக்குங்கள், நீளமாகச் சொல்ல விரும்புகிறவருக்கு.

---

மைக்_செட் எழுதியது:

ரெண்டும் செய்றோம் அண்ணா. காவிரிக்கரையான் ஐயா, உங்களுக்குத் தனியா செய்தி அனுப்புறேன். கரிசல்காரி அக்கா, உங்க பெரியம்மாவ ஒரு தடவ கூட்டிட்டு வர முடியுமா? அந்த நீளமான இடத்த அவங்களுக்கே கொடுத்துடுவோம். பஸ் செலவு எங்களோடது.

---

கரிசல்காரி எழுதியது:

ஒப்பாரிய சாவு வீட்டுக்கு வெளிய பாட மாட்டாங்க தம்பி. வீட்டுக்கு ஆகாதுன்னு நம்பிக்கை, அதக் கேக்கக் கூட எனக்கு வாய் வராது. ஆனா நடவுப் பாட்டும் தாலாட்டும் பாடுவாங்க. தாலாட்டுலயும் மாமாக்கள விட்டு வைக்கிறதில்ல. தை பொறந்ததும் பருத்தி எடுப்பு முடியட்டும், கேட்டுச் சொல்றேன்.